உறைப்பான கோழி என்சிலாடா: ஒன்பது நாள் அடுப்புக் குறிப்பு

பெப்ரவரி 7, 2025, வெள்ளி. மட்டக்களப்பு

என்சிலாடா என்ற பெயருக்குள்ளேயே மிளகாய் இருக்கிறது. ஸ்பானிய மொழியில் 'என்சிலார்' என்றால் மிளகாய் பூசுவது. இது மெக்சிகோப் பண்டம்: கொச்சிக்காய்ச் சோஸில் தோய்த்தெடுத்த சோளன் ரொட்டி. கோழி உள்ளே வைப்பது, சீஸ் மேலே தூவுவது, அவ்வளவுதான். ஆகவே வேலை கோழியில் அல்ல, சோளனில் தொடங்குகிறது.

அம்பாறைப் பக்கத்துச் சேனைச் சோளன், நன்றாகக் காய்ந்தது, 500 கிராம். வாங்கும்போது இரண்டு விடயம் பார்க்க வேண்டும். விதைக்கென்று விற்கும் சோளனில் பூஞ்சணக் கொல்லி பூசி இளஞ்சிவப்போ பச்சையோ சாயம் ஏற்றியிருப்பார்கள். அதைக் கழுவினாலும் சாப்பிடக்கூடாது. அடுத்தது, முளைப்பக்கம் கறுத்த, பூஞ்சணம் பிடித்த மணிகள். கோழித்தீனுக்கு வரும் மூட்டையில் இவை அதிகம். தட்டில் பரப்பி ஒவ்வொன்றாகப் பொறுக்கி எறிந்தாயிற்று.

சுண்ணாம்பு வெற்றிலைக்குப் போடுகிற வெள்ளைச் சுண்ணாம்புதான், சாயமோ வாசனையோ சேராதது. சோளனின் எடையில் நூற்றுக்கு ஒரு பங்கு போதும். 500 கிராமுக்கு 5 கிராம், அதாவது இரண்டு மட்டத் தேக்கரண்டி. 2 லீற்றர் தண்ணீரில் கரைத்து, சோளனைக் கொட்டி, கொதி வந்ததும் தீயைக் குறைத்து 40 நிமிடம். பாத்திரம் எவர்சில்வராக இருக்கட்டும். அலுமினியத்தைச் சுண்ணாம்பு அரிக்கும், பாத்திரமும் கறுக்கும், சோளனிலும் இறங்கும்.

அடுப்பில் ஏறிக் கொஞ்ச நேரத்தில் மணிகள் மஞ்சள் கூடி நிறம் மாறும். பெருவிரலால் தேய்த்தால் தோல் வழுக்கிக்கொண்டு வர வேண்டும். பல்லால் கடித்தால் நடுவில் வெள்ளையாகக் கொஞ்சம் வேகாமல் இருக்க வேண்டும், ஆனால் கல்லாக இருக்கக்கூடாது. முழுதும் வெந்து போனால் மா பசையாகும், ரொட்டி தட்ட வராது. மூடி வைத்தாயிற்று. இரவு முழுக்க, குறைந்தது 8 மணி நேரம், அதே தண்ணீரில் ஊற வேண்டும்.

சுண்ணாம்பு ஏன் என்று கேட்பார்கள். சோளனில் கோதுமைபோல இழுபடும் பசை இல்லை. வெறும் சோளன் மாவைக் குழைத்தால் உதிரும். சுண்ணாம்பு மணியின் தோலைக் கரைத்து, மா ஒன்றோடொன்று பிடிக்கும்படி செய்கிறது. சோளனில் கட்டுண்டு கிடக்கும் நியாசின் உயிர்ச்சத்தையும் உடம்பு எடுத்துக்கொள்ளும்படி விடுவிக்கிறது. சோளத்தை வாங்கிச் சென்று சுண்ணாம்பை விட்டுவிட்ட ஐரோப்பியக் கிராமங்களில் பெலாக்ரா நோய் பரவியது இந்தக் குறையால்தான்.

கடையில் 'சோள மா' என்று கிடைக்கும் வெள்ளை மா வெறும் மாச்சத்து, கஸ்ரட்டுக்குப் போடுவது. அதில் ரொட்டி வராது. இதை எத்தனை முறை சொன்னாலும் தகும்.

பெப்ரவரி 8, சனி

காலையில் சுண்ணாம்புத் தண்ணீரை ஊற்றிவிட்டு மூன்று தண்ணீரில் கழுவல். தோலை முற்றாக உரசி எடுக்கத் தேவையில்லை. கொஞ்சம் தங்கினால் மா நன்றாகப் பிடிக்கும்.

அரைப்பதில்தான் பலருக்குப் பிழைக்கிறது. கிரைண்டர் சுற்றத் தண்ணீர் கேட்கும். கேட்கிறதே என்று ஊற்றினால் தோசை மாப்போல ஆகிவிடும், பிறகு அதை மீட்க முடியாது. ஒரு கைப்பிடி சோளன், ஒரு மேசைக்கரண்டி தண்ணீர், நிறுத்தி நிறுத்தி, கரண்டியால் கிளறிவிட்டு அரைக்க வேண்டும். அம்மி இருந்தால் அதுவே மேல். கிரைண்டரில் கரகரப்பாக அடித்து அம்மியில் இரண்டு இழுப்பு இழுத்தது இன்றைய வழி. சுமார் 900 கிராம் மா வந்தது.

அரைத் தேக்கரண்டி உப்புச் சேர்த்துக் குழைத்து, ஈரத்துணி மூடி 20 நிமிடம். பிறகு சோதனை: 35 கிராம் உருண்டை, ஒரு தேசிக்காய் அளவு, உள்ளங்கையில் வைத்துப் பெருவிரலால் அழுத்த வேண்டும். ஓரம் வெடித்தால் தண்ணீர் காணாது, ஒரு தேக்கரண்டி தெளித்துக் குழைக்கலாம். விரலில் ஒட்டினால் தண்ணீர் கூட, துணியை எடுத்துவிட்டுப் பத்து நிமிடம் ஆறவிடலாம். அழுத்தின இடம் காது மடல்போல மெத்தென்று, வெடிப்பில்லாமல் நின்றால் சரி.

தட்டுவதற்கு அழுத்துபொறி இல்லாவிட்டாலும் பாதகமில்லை. சொப்பிங் பையை வெட்டி இரண்டு துண்டு, இடையில் உருண்டை, மேலே அடி தட்டையான கனத்த சட்டி. இரண்டு கையாலும் ஒரே சீராக அழுத்தினால் 15 செ.மீ. வட்டம், 2 மி.மீ. தடிப்பு. ரொட்டியிலிருந்து பையை உரிக்க வேண்டும். பையிலிருந்து ரொட்டியை உரிக்கப் போனால் கிழியும்.

தோசைக்கல் நன்றாகக் காய வேண்டும், எண்ணெய் வேண்டாம். முதல் பக்கம் 20 விநாடி, மறுபக்கம் ஒரு நிமிடம், திரும்பவும் முதல் பக்கம். அப்போது நடுவில் உப்பினால் மா சரி, சூடும் சரி. எடுத்தவுடன் துணிக்குள் அடுக்க வேண்டும். தன் ஆவியிலேயே கால் மணி நேரம் வேகும்போதுதான் அது வளையக் கற்றுக்கொள்கிறது.

மொத்தம் 24 டோர்ட்டியா, இந்தச் சோளன் ரொட்டிக்கு அங்கே அதுதான் பெயர். எட்டு குளிர்சாதனப்பெட்டியில், மிச்சம் உறைபெட்டியில். அன்று சுட்டதை அன்றே சோஸில் போட்டால் எண்ணெயும் குடிக்கும், கிழியவும் செய்யும். ஒரு நாளாவது கிடந்தது நல்லது.

பெப்ரவரி 9, ஞாயிறு

சோஸ். முற்பகலில் நாடு முழுக்க மின்சாரம் போனதால் அரைப்பு முழுவதும் அம்மியில். ருசிக்கு அதில் நட்டமில்லை.

மெக்சிகோவில் இதற்கு எடுக்கும் ஆஞ்சோ, குவாஹியோ மிளகாய்கள் உறைப்புக் குறைந்தவை. ஆஞ்சோ சதையும் உள்ளது. அதனால் அங்கே மிளகாயே சோஸுக்குத் தடிப்பும் தருகிறது. எங்கள் செத்தல் மிளகாய் மெல்லிய தோல், உறைப்பு அதிகம். அந்த அளவுக்கு இதைப் போட்டால் வாயில் வைக்க முடியாது. குறைத்துப் போட்டால் சோஸ் தண்ணீராக நிற்கும். ஆகவே உறைப்பை விதையால் கட்டுப்படுத்தி, தடிப்பைத் தக்காளியிலிருந்து எடுக்க வேண்டும்.

இரண்டு தட்டுக்கான அளவு: செத்தல் 40, அதில் 34ஐக் கத்தரியால் கீறி விதையும் உள் நரம்பும் நீக்கியது, 6 அப்படியே. இது நன்றாக உறைக்கும் சோஸ். பிள்ளைகளுக்கென்றால் நாற்பதிலும் விதை எடுக்கலாம். தக்காளி 600 கிராம், பெரிய வெங்காயம் 200 கிராம், உள்ளி 8 பல் தோலோடு, நற்சீரகம் ஒரு தேக்கரண்டி, மிளகு 10, கறுவா 3 செ.மீ. துண்டு.

கறுவாவைப் பார்த்து யாரும் தயங்க வேண்டாம். மெக்சிகோவில் 'கனேலா' என்று சமையலுக்கு எடுப்பது இலங்கைக் கறுவாதான்.

செத்தலைச் சூடான கல்லில் பக்கத்துக்குப் பத்து விநாடி மட்டும், அகப்பையால் அழுத்திப் பிடித்து வாட்ட வேண்டும். மணம் எழும்பும், நிறம் செங்கல்லிலிருந்து ஒரு படி கருகும். அந்த இடத்தில் எடுத்துவிட வேண்டும். கறுத்த ஒரே ஒரு செத்தல் சட்டி முழுவதையும் கசக்க வைக்கும். பிறகு சீனி போட்டாலும் மாறாது. யன்னலைத் திறந்து வைத்துச் செய்யுங்கள். வாட்டியதைக் கொதிநீரில் 20 நிமிடம் ஊறவைத்து, அந்த நீரை ருசி பார்க்க வேண்டும். கசந்தால் ஊற்றிவிடலாம்.

தக்காளி, வெங்காயம், உள்ளி மூன்றையும் அதே கல்லில் எண்ணெயில்லாமல் தோல் கருகச் சுட்டு, உள்ளியின் தோலை உரித்து, எல்லாம் சேர்த்து மை போல அரைப்பு. கிரைண்டரில் அரைப்பவர்கள் அரிதட்டில் வடிக்க வேண்டும், செத்தல் தோல் நாக்கில் தட்டுப்படும்.

அடுத்ததுதான் சோஸ் சோஸாகும் இடம். தாச்சியில் 5 மேசைக்கரண்டி எண்ணெய் நன்றாகக் காய்ந்ததும் அரைப்பைக் கொட்ட வேண்டும். சீறித் தெறிக்கும், மூடியைக் கையில் வைத்திருங்கள். நடுத்தீயில் 12 நிமிடம் கிண்டக் கிண்டச் சிவப்பு மங்கி மண்நிறம் கலக்கும். அகப்பையால் இழுத்த கோடு மூடாமல் நிற்கும். ஓரத்தில் எண்ணெய் கசியும். பச்சை மணம் அப்போதுதான் போகிறது. உப்பு இரண்டு தேக்கரண்டி.

மெக்சிகோ ஒரிகானோ இங்கே இல்லை. இரண்டு கற்பூரவள்ளி இலை அரைத்துச் சேர்த்தால் அந்த மணத்துக்குக் கிட்ட வரும். மூன்றாவது இலை போட்டால் இருமல் மருந்து. கறிவேப்பிலை, தேங்காய்ப்பால், ரம்பை எதுவும் வேண்டாம். அவை வந்தால் இது கோழிக்கறி.

600 மி.லீ. விழுது. பாதி உறைபெட்டிக்கு.

பெப்ரவரி 11, செவ்வாய்

நாளை போயா, பௌர்ணமி விடுமுறை, இறைச்சிக்கடை பூட்டு. கோழி இன்றே வாங்கியாக வேண்டும். தொடை, எலும்போடு, தோல் நீக்கி 600 கிராம். நெஞ்சுச் சதை இதற்கு ஆகாது: ஒருமுறை வெந்து மறுபடி ஓவனுக்குள் போவதால் நூல்நூலாகக் காய்ந்துவிடும்.

ஒரு லீற்றர் தண்ணீர், ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு, அரை வெங்காயம், இரண்டு பல் உள்ளி. கொதித்ததும் தீயைக் குறைத்து, மேலே ஓரொரு குமிழ் மட்டும் வரும்படி 30 நிமிடம். தளதளவென்று கொதித்தால் சதை இறுகும். அந்த நீரிலேயே 20 நிமிடம் ஆறவிட்டு, இளஞ்சூட்டில் விரலால் நார்நாராகப் பிய்க்க வேண்டும். 330 கிராம் இறைச்சி. நீரை வடித்து வைத்தாயிற்று, சோஸைத் தளர்த்த அதுதான்.

எருமைத் தயிர் 300 கிராம் துணியில் கட்டிக் குளிர்சாதனப்பெட்டியில் தொங்குகிறது. மட்டக்களப்புச் சட்டித் தயிர் இருக்கும்போது புளித்த கிரீம் தேடத் தேவையில்லை.

பெப்ரவரி 12, புதன். முதல் தட்டு

300 மி.லீ. விழுதில் 300 மி.லீ. கோழிநீர், கரைத்த சோளன் மா ஒரு மேசைக்கரண்டி, பத்து நிமிடக் கொதி. கரண்டியின் முதுகில் படர்ந்து நிற்கும் பதம். இறைச்சியில் 4 மேசைக்கரண்டி சோஸும் 60 கிராம் சீஸும் கலந்தது. பிழிந்தால் சொட்டக்கூடாது.

சட்டியில் அரை செ.மீ. எண்ணெய். டோர்ட்டியா பக்கத்துக்கு 8 விநாடி. மொறுகக்கூடாது, தளர வேண்டும். இந்த எண்ணெய்ப் படலம்தான் சோஸை உள்ளே இறங்கவிடாமல் தடுக்கிறது. உடனே சூடான சோஸில் தோய்த்து, 40 கிராம் இறைச்சி வைத்துச் சுருட்டி, மடிப்பு கீழே. 28க்கு 20 செ.மீ. தட்டில் எட்டு. மேலே 120 கிராம் செடாரும் மொசரெல்லாவும், கையால் துருவியது. பொட்டலத்தில் துருவி வரும் சீஸில் ஒட்டாமலிருக்க மா தூவியிருப்பார்கள், அது சரியாக உருகாது. 190 பாகை, 25 நிமிடம்.

பிழை: நடு நான்கும் கூழ். தோய்த்தது போக மேலே 400 மி.லீ. ஊற்றியது கூட, 25 நிமிடமும் கூட. சீஸின் பின்வரிசை கருகல். மேசை ஓவனில் மேல் கம்பி தட்டுக்கு மிகக் கிட்ட இருக்கிறது.

பெப்ரவரி 15, சனி. இரண்டாம் தட்டு

இந்த முறை ஊர்க்கோழி. ஒன்றேகால் மணி நேரம் கேட்டது, நீர் இரண்டு மடங்கு ருசி. நேரம் இருப்பவர்கள் இதையே எடுங்கள்.

தட்டின் அடியில் 80 மி.லீ. சோஸ், மேலே 250 மட்டும், நடுவில் ஒரு பட்டையாக. இரண்டு நுனியும் நனையாமல் விட்டது. கீழ்த் தட்டில் வைத்து, எண்ணெய் தடவிய அலுமினியத் தாள் மூடி 10 நிமிடம், திறந்து 7 நிமிடம். ஓரத்தில் சோஸ் குமிழியிட்டதும் வெளியே. ஐந்து நிமிடம் தொடாமல் வைக்க வேண்டும், இல்லாவிட்டால் கரண்டியில் பிரிந்து விழும்.

நுனி மொறு, நடு மெத்து, ரொட்டி ரொட்டியாகவே நின்றது. கட்டித் தயிர், பச்சை வெங்காய வளையம், கொத்தமல்லி இலை, தேசிக்காய் எல்லாம் இறக்கிய பிறகு. தயிரை ஓவனுக்குள் விட்டால் திரிந்து மணல்போலாகும்.

ஓவன் இல்லாதவர்களுக்கு: அப்பத்துக்கு மேலும் கீழும் நெருப்பு வைக்கிற பழைய முறை இதற்கும் பொருந்தும். அகன்ற மண்சட்டி, கீழே மெல்லிய தணல், தட்டையான தகர மூடிமேல் சிரட்டைக்கரி கூடுதலாக. 12 நிமிடத்தில் திறந்து பார்க்கலாம். சாம்பல் உள்ளே விழாமல் மூடியை நேரே தூக்க வேண்டும்.

மிச்சத்தை மூடி 170 பாகையில் கால் மணி நேரம் சூடாக்கலாம். அடுக்கிய தட்டைச் சுடாமல் இரவு வைக்க வேண்டாம், காலையில் ரொட்டி முழுதும் ஊறிக் கிடக்கும். உறைபெட்டியில் இன்னும் எட்டு டோர்ட்டியா இருக்கிறது. அதை முக்கோணமாக வெட்டிப் பொரிக்கலாம்.