மூக்குத்தண்டில் ஓட்டை: அடைப்பதற்கு முன்னால்

மூச்சு இழுக்கையில் மூக்கு விசிலடித்தால், இரு துவாரத்துக்கும் நடுவே நிற்கிற தண்டின் முன்பக்கம் சின்ன ஓட்டை இருக்கலாம். ஓட்டை பெரிதானால் விசில் நின்று, பொருக்கும் ரத்தக்கசிவும் வரும். நம்ம பாட்டிமார் புல்லாக்குப் போட்ட துளை வேறு. அது குருத்தெலும்புக்குக் கீழே தோலோடு போவது, தொந்தரவு தராது.

குருத்தெலும்புக்குச் சொந்தமாக ரத்தக்குழாய் கிடையாது. இருபுறமும் ஒட்டியிருக்கிற சவ்வுதான் சோறு போடுகிறது. ஒருபுறம் போனால் மறுபுறம் தாங்கும். ஒரே இடத்தில் இரண்டும் போனால் ஓட்டை. தண்டு வளைவு ஆபரேஷன், ரத்தம் நிற்க இருபுறமும் ஒரே சமயத்தில் சுடுவது, ஓயாமல் நோண்டுவது, அடைப்புக்கான சொட்டுமருந்தை மாதக்கணக்கில் விடுவது, குரோம் முலாம் பட்டறை ஆவி எல்லாமே இதற்குக் காரணமாகலாம். ஸ்டீராய்டு ஸ்பிரேயைத் தண்டைப் பார்த்து அடிக்காதீர்கள். இடது துவாரத்துக்கு வலது கையால், காதுப்பக்கம் சாய்த்து அடியுங்கள்.

தை மாதம் அலங்காநல்லூர், பாலமேடு பக்கம் மாடு முட்டி மூக்கில் அடிபட்டால், எக்ஸ்ரேயில் முறிவில்லை என்றதும் வீட்டுக்குக் கிளம்பிவிடுகிறார்கள். சவ்வுக்கடியில் ரத்தம் கட்டியிருப்பது எக்ஸ்ரேயில் தெரியாது. மூக்கு அடைத்துக்கொண்டு, உள்ளே தண்டின்மேல் மெத்தென்று அமுங்கும் வீக்கம் இருந்தால் அன்றைக்கே பெரியாஸ்பத்திரி காது மூக்கு தொண்டைப் பிரிவுக்குப் போங்கள். கீறி ரத்தத்தை எடுத்துவிடுவார்கள். மூன்று நாள் போனால் குருத்தெலும்பு செத்து, மூக்கு மேலே பள்ளம் விழும். குழந்தை மூக்கில் பட்டன் பேட்டரி போயிருந்தால் சில மணி நேரமே போதும், ஓட்டை விழ.

விழுந்த ஓட்டைக்கு முதல் வைத்தியம் உப்புத்தண்ணீர்: ஒரு லிட்டர் கொதித்து ஆறிய நீரில் அயோடின் சேர்க்காத உப்பு 9 கிராம். குழாய்த் தண்ணீரையோ போர் தண்ணீரையோ அப்படியே ஊற்றக்கூடாது. தினம் இரண்டு வேளை கழுவி, ஓரத்தில் களிம்பு தடவவும். பொருக்கை ஊறவிடுங்கள், பிய்த்தால் அதோடு ஓரமும் பிய்ந்து ஓட்டை பெரிதாகும். பின்பக்க ஓட்டை தொந்தரவு தராவிட்டால் சும்மா விடலாம்.

இதில் அடங்காவிட்டால் ஓட்டையில் பொருத்தி அடைக்கிற சிலிக்கோன் பட்டன். அதன்மேலும் பொருக்கு கட்டும், கழுவத்தான் வேண்டும். ஆபரேஷனில் இருபுறச் சவ்வையும் நகர்த்தித் தைத்து, நடுவே பொட்டுப்பகுதித் தசையின் உறையை ஒட்டாக வைப்பார்கள். 2 சென்டிமீட்டர் தாண்டினால் கஷ்டம்.

காரணம் தெரியாத ஓட்டையை அவசரப்பட்டு மூடக்கூடாது. ஓரத்துச் சதையை எடுத்துப் பரிசோதித்து, காசநோய், தொழுநோய், ரத்தக்குழாய் அழற்சி இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். உள்ளே நோய் ஓடிக்கொண்டிருந்தால் தைத்த இடம் மறுபடி பிரியும். பீடி, சிகரெட் விடாதவருக்கும் ஒட்டு பிடிப்பது சிரமம்தான்.