கோர்டன் பின்சென்ற் நடித்துக் காட்டிய கனடா

தொண்ணூறுகளின் நடுப்பகுதியில் ரொறன்ரோவுக்கு வந்து சேர்ந்த எனக்கு, இந்நாட்டு மனிதர்களை நெருங்கிப் பார்க்க வேலைத்தலத்தையும் பேருந்தையும் விட்டால் தொலைக்காட்சி ஒன்றே இருந்தது. அதில் அடிக்கடி எதிர்ப்பட்டவர் கோர்டன் பின்சென்ற். பிள்ளைகள் பார்த்த ‘பாபர்’ சித்திரத் தொடரில் யானை அரசனின் குரல் அவருடையது. ‘த ரெட் கிரீன் ஷோ’வில் நடக்காத கதைகளை நடந்ததாக அளந்துவிடும் முதியவரும் அவரே.

‘டியூ சவுத்’ தொடரில், கொலையுண்ட பின்னரும் மகனைத் தேடிவந்து பேசும் தந்தையாக அவர் நடித்தார். மகன் கனடிய அரச குதிரைப்படைப் பொலிஸ்காரன். சிக்காகோ நகரில் அந்நியனாக வாழ்பவன். யாழ்ப்பாணத்தில் அப்பா காலமானபோது போக முடியாமல் இங்கேயே இருந்துவிட்ட எனக்கு, அந்தக் காட்சிகளைப் பார்ப்பது எளிதாக இருக்கவில்லை. ஆனால் பின்சென்ற் அந்த ஆவியைச் சோகமாக நடிக்கவில்லை. உயிரோடிருக்கும் தகப்பனைப் போலவே குறை சொன்னார், கேளாமலே புத்தி சொன்னார், மகனின் காரியங்களில் தலையிட்டார். அவருடைய கலையின் அடிப்படை இதுவென்றே நினைக்கிறேன்: பார்ப்பவர் படவேண்டிய துயரத்தைத் தாம் முந்திக்கொண்டு படமாட்டார்.

அவர் 1930இல் பிறந்தது நியூபவுண்ட்லாந்தின் கிராண்ட் ஃபோல்ஸ் என்னும் காகித ஆலை ஊரில். 1986 ஆகஸ்டில், இரண்டு உயிர்காப்புப் படகுகளில் மிதந்துகொண்டிருந்த 155 தமிழ் அகதிகளை மீனவர்கள் மீட்டது அந்தத் தீவின் கடலில்தான் என்பதால், அதன் பெயர் எங்களிற் பலருக்கு முன்பே பழக்கமானது. ஆனால் 1949 மார்ச் 31 வரை அது கனடாவின் பகுதியாக இருக்கவில்லை என்பதை அவருடைய வாழ்க்கை வழியாகவே அறிந்தேன். கனடிய நடிகர்களின் மூத்தவராகக் கொண்டாடப்பட்டவர், தம் பதினெட்டு வயது வரை கனடியர் அல்லர்.

படைவீரராக இருந்தார், வினிப்பெக் மேடைகளில் நடித்தார், அறுபதுகளில் ‘குவென்ரின் டேர்ஜன்ஸ், எம்.பி.’ தொடரால் நாடறிந்தவரானார். பின்னர் சில ஆண்டுகள் லொஸ் ஏஞ்சலீஸில் அமெரிக்க ஜனாதிபதியாகவும் துப்பறியும் அதிகாரியாகவும் கிடைத்ததையெல்லாம் நடித்துவிட்டுத் திரும்பி வந்தார். திரும்பியவர் தம் தீவை மறக்கவில்லை. அவரே எழுதி, இயக்கி, நடித்த ‘ஜோன் அண்ட் த மிஸஸ்’ (1987), சுரங்கம் மூடப்பட்டதும் அரசு மக்களை வேறிடத்தில் குடியமர்த்த முனைகின்ற ஓர் ஊரைப் பற்றியது. கொடுக்கும் பணத்தை வாங்கிக்கொண்டு போக மறுக்கும் மனிதனாக அவர் வருகிறார். இடம்பெயர்வு என்றால் குண்டும் ஷெல்லும் மட்டுமே என்று எண்ணியிருந்த எங்களைப் போன்றவர்கள் அதை அவசியம் பார்க்க வேண்டும்.

முதியோர் இல்லமொன்றில் பராமரிப்பாளராக வேலை செய்யத் தொடங்கிய பிறகு ‘அவே ஃப்ரொம் ஹேர்’ (2006) பார்த்தேன். சாரா பொலி இயக்கிய இப்படத்தில், மறதி நோயால் பராமரிப்பு இல்லத்திற் சேரும் மனைவியாக ஜூலி கிறிஸ்ரி நடித்தார். முதல் முப்பது நாள் பார்க்க வரக்கூடாது என்பது அந்த இல்லத்தின் விதி. அதன்பின் பூக்களோடு வரும் கணவன், அவள் வேறொரு மனிதரோடு ஒன்றிப்போயிருப்பதைக் காண்கிறான். பின்சென்ற் அங்கே அழுவதில்லை. சற்றுத் தள்ளி உட்கார்ந்து அவளைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். எங்கள் இல்லத்துக்கு வரும் கணவன்மாரும், கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் அப்படியேதான் இருப்பார்கள். விருதுகள் பலவற்றைப் பெற்ற அவருக்கு இதற்காகவும் கனடியத் திரைப்படங்களுக்கான ஜீனி விருது கிடைத்தது. அப்போது வயது எழுபத்தைந்தைத் தாண்டியிருந்தது.

அதன்பிறகும் அவர் ஓயவில்லை. ‘த கிராண்ட் செடக்‌ஷன்’ (2013) படத்துக்காக மீண்டும் நியூபவுண்ட்லாந்துக்குப் போய், ஆள் குறைந்துவரும் தங்கள் ஊரைக் கைவிடாத மீனவர்களில் ஒருவராக நடித்தார். 2023 பெப்ரவரி 25இல், தமது 92ஆவது வயதில் காலமானார்.