பி மெமோ

ஜூன் 18

மூன்று நாளாக விடாத மழை. நீலகிரிக் கூடலூரில் ஜூன் மாதம் முதலில் நனைவது வக்கீல் ஆபீஸ் கட்டுகள்தான். நனையாததில் பூசணம் பூக்கும். ஜென்மம் நிலக் கட்டுகளைப் பிரித்து உலர்த்தச் சொன்னார் சீனியர். விரிக்க இடமில்லாமல் கட்சிக்காரர் பெஞ்சு வரை பரப்பி வைத்தேன்.

இந்த மலைகளுக்கு ஒரு காலத்தில் கேரளத்து நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பம்தான் ஜென்மி, அதாவது ஜென்மம் என்ற பரம்பரை உரிமை உள்ள நிலச் சொந்தக்காரர். காப்பிக்கும் தேயிலைக்கும் குத்தகை விட்டதெல்லாம் வெள்ளைக்காரன் காலத்துச் சங்கதி. 1969-இல் தமிழக அரசு சட்டம் போட்டு ஜென்மி உரிமையை ஒழித்தது. ஏறத்தாழ 80,000 ஏக்கர். சாகுபடி செய்தவருக்குப் பட்டா, காடு அரசுக்கு. தோட்டக் குத்தகைகள் மட்டும் 17-ஆம் பிரிவின்படி அரசின் கீழ் தொடரும். பொதுநலன் கருதி அரசு அவற்றை முடித்துக்கொள்ளலாம். இன்று ‘உங்க வீடு எங்கே’ என்று கேட்டால் ‘செக்‌ஷன் 17-ல’ என்று பதில் வருகிறது. ஊர்ப்பெயரே அதுதான் என்று நினைத்துக்கொள்ளலாம்.

ஜூன் 20

பந்தலூர் பக்கத்திலிருந்து ஒரு பாட்டி வந்தார். கரண்ட் கேட்டு எழுதிப் போட்டாராம், செக்‌ஷன் 17 நிலம் என்று திருப்பிவிட்டார்கள். ஜவுளிக்கடை மஞ்சள் பைக்குள் ஒரு பிளாஸ்டிக் உறை, அதற்குள் இன்னொன்று. உள்ளே நாலாக மடித்த தாள்கள், எல்லாம் பி மெமோ, அரசு நிலத்தை ஆக்கிரமித்தாய் என்று வருவாய்த்துறை கொடுக்கும் நோட்டீஸ். ஆக்கிரமிப்பு செய்ததற்கு அபராதம் கட்டிய ரசீதுகளும் பின் குத்தி இருந்தன. பின் துருப்பிடித்து ஒரு தாளில் தேதியைத் தின்றுவிட்டது.

“இதுதான் தம்பி எங்ககிட்ட இருக்கிற பத்திரம்” என்றார்.

அது உண்மையும்கூட. நீ திருடினாய் என்று அரசு எழுதிக் கொடுத்த காகிதம்தான், நீ அங்கே இருந்தாய் என்பதற்கும் சாட்சி.

ஜூன் 21

பாட்டி 1972-இல், தோட்டத் தமிழர்களை இந்தியாவுக்குத் திருப்பியனுப்பிய சாஸ்திரி ஒப்பந்தத்தில் இலங்கையிலிருந்து வந்தவர். ராமேஸ்வரத்தில் கப்பல் இறங்கி, மண்டபம் முகாம், அப்புறம் இங்கே. 1969 சட்டத்தின் 10-ஆம் பிரிவை இரண்டு முறை படித்தேன். பட்டா வேண்டுமென்றால் 1969 ஜூன் 1-க்கு முன் தொடர்ந்து மூன்று சாகுபடி ஆண்டு பயிர் செய்திருக்க வேண்டும். அந்தத் தேதியில் பாட்டி கண்டியில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தார்.

2006 வன உரிமைச் சட்டத்தைப் பார்க்கலாமா என்றேன். சீனியர் சிரித்தார். பழங்குடி அல்லாதவர் என்றால் 2005 டிசம்பர் 13-க்கு முன் மூன்று தலைமுறை, அதாவது 75 வருஷம், அங்கேயே இருந்திருக்க வேண்டும். சரி, அந்தக் கதவும் சாத்தியாச்சு.

ஜூன் 24

கோர்ட் இல்லை. பழைய தீர்ப்புகளை வரிசைப்படுத்தினேன். 1972-இல் ஒரு பிளாண்டேஷன் கம்பெனி தொடர்ந்த வழக்கில், காட்டை எடுப்பது நிலச் சீர்திருத்தம் ஆகாது என்று 1969 சட்டத்தின் அந்தப் பகுதியை மட்டும் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. 1974-இல் அரசியல் சட்டத்துக்கு 34-ஆவது திருத்தம் கொண்டுவந்து ஜென்மச் சட்டத்தை அதன் ஒன்பதாவது அட்டவணையில் ஏற்றினார்கள், கோர்ட் தொடமுடியாதபடி. அதை எதிர்த்துப் போனதுதான் ஐ.ஆர். கோயல்ஹோ வழக்கு. 2007 ஜனவரி 11, ஒன்பது நீதிபதிகள்: 1973 ஏப்ரல் 24-க்குப் பிறகு அட்டவணையில் ஏறிய எந்தச் சட்டத்தையும் அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பைக் கெடுக்கிறதா என்று உரசிப் பார்க்கலாம். கடைசியில் 2010-இல் இந்த ஜென்மச் சட்டம் செல்லும் என்று தீர்ப்பு.

கல்லூரியில் கோயல்ஹோவைப் பரீட்சைக்கு மனப்பாடம் செய்தவன் நான். அந்த வழக்கின் மண் எங்கள் பஸ் ஸ்டாண்டு செருப்புகளில் ஒட்டியிருக்கிறது என்று ஒரு வாத்தியாரும் சொல்லவில்லை.

1969-லிருந்து 2010, நாற்பத்தோரு வருஷம். கம்பெனிகளுக்கு டெல்லியில் சீனியர் வக்கீல்கள், அரசுக்கும் அப்படியே. நடுவில் இருந்தவர்கள் கட்டியது அபராதம்.

ஜூன் 27

கோதவர்மன் திருமுல்பாடு வழக்கும் இந்த மலையில்தான் முளைத்தது. 1995-இல் மரம் வெட்டுவதை எதிர்த்து வழக்குப் போட்டவர் அதே நிலம்பூர் கோவிலகத்துக்காரர். 1996 டிசம்பர் 12 உத்தரவு: உடைமை யாருடையதாக இருந்தாலும் சரி, அகராதிப் பொருளில் காடு என்றால் காடுதான். அது வராவிட்டால் இங்கே இன்னும் எவ்வளவு மரம் லாரி ஏறியிருக்குமோ. அந்த உத்தரவின் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் பெரிய எஸ்டேட்டின் ஆயிரம் ஏக்கரையும் பாட்டியின் அரை ஏக்கரையும் ஒரே கட்டில் கட்டி வைத்தால், அவிழ்க்க ஆள் கிடைப்பதில்லை.

ஜூலை 3

பாட்டியின் இடத்தைப் பார்த்துவிட்டு வந்தேன். ஜீப் போகாது, கடைசி தூரம் நடை. இரண்டு முறை அட்டை ஏறியது, உப்பு கொண்டுபோக மறந்துவிட்டேன். தேயிலை, ஓக் மரத்தில் மிளகுக்கொடி, தாத்தா வைத்த பலா. பலாவின் பட்டை என் தோள் உயரம் வரை உரிந்து கிடக்கிறது, யானை உரசிய இடம். மின்கம்பி வீட்டைத் தாண்டி எஸ்டேட் பங்களாவுக்குப் போகிறது. திண்ணையில் சோலார் விளக்கு. மூன்று நாள் வெயில் இல்லாததால் அதுவும் எரியவில்லை.

கட்டன் சாயா கொடுத்துவிட்டுப் பாட்டி மெதுவாகக் கேட்டார்: “அஞ்சாறு வருஷமா மெமோ வரல தம்பி. நாங்களே போயி அபராதம் கட்டட்டுமா?”

ஜூலை 4

பாட்டியின் தாள்கள் மொத்தம் பதினாலு. ஜெராக்ஸ் கடையில் கரண்ட் இல்லை. நாளைக்குப் போக வேண்டும்.