விரல் நீளத்துக்கு ஒரு துண்டு

ஜூன் 2

பயலுக்கு நேற்றோடு ஆறு மாதம் முடிந்தது. போன முறை போனபோதே குழந்தை மருத்துவர் மூன்று விஷயங்களைக் கவனிக்கச் சொல்லியிருந்தார். லேசாகப் பிடித்தால் நிமிர்ந்து உட்கார்கிறானா, தலை ஆடாமல் நிற்கிறதா, வாயில் எதை வைத்தாலும் நாக்கால் வெளியே தள்ளுவது குறைந்திருக்கிறதா. மூன்றும் ஆயிற்று. நான்காவதாக அவனே ஒன்று சேர்த்துக்கொண்டான்: நேற்றுக் காலை என் கையில் இருந்த ரொட்டியை எட்டிப் பிடுங்கினான்.

மனைவி வேலைக்குத் திரும்பிவிட்டாள். பகல் முழுக்க நானும் இவனும்தான், அதனால் சாப்பாட்டுத் துறை என்னுடையது. கொஞ்சம் கரண்டியால் கூழ், கொஞ்சம் அவனே கையில் எடுத்துச் சாப்பிடுவது என்று பேசி வைத்திருக்கிறோம்.

இன்று கேரட். வேகவைத்து, சாலட்டுக்கு நறுக்குவதுபோல் ஒரே அளவில் பொடிப்பொடிச் சதுரமாக நறுக்கி, ஹை சேர் தட்டில் பரப்பினேன். பார்க்க அழகாகத்தான் இருந்தது. அவன் ஐந்து விரலையும் விரித்து அப்படியே மூடினான். துண்டு கைக்குள் போய்விட்டது, அது எங்கே போனது என்று அவனுக்குத் தெரியவில்லை. முஷ்டியைச் சப்பிப் பார்த்து, ஒன்றும் கிடைக்காமல் அழுதான்.

அப்புறம்தான் மண்டையில் உறைத்தது. இந்த வயதில் உள்ளங்கையால் வாரிப் பிடிக்கத்தான் தெரியும். பிடித்த கையை வாயருகே திறக்கத் தெரியாது. முஷ்டிக்கு வெளியே எவ்வளவு நீட்டிக்கொண்டிருக்கிறதோ அவ்வளவுதான் வாய்க்குப் போகும். ஆகவே துண்டு என் ஆள்காட்டி விரல் அளவுக்கு நீளமாக, தடிமனாக இருக்க வேண்டும். பொடியாக நறுக்கினால் பத்திரம் என்று நான் நினைத்திருந்தது நேர்மாறு.

ஜூன் 3

இன்று நீளமாக நறுக்கினேன். கேரட்டின் கொண்டைப் பக்கம் தடிமன், வால் பக்கம் மெலிசு. ஒரே நேரம் வேகவைத்தால் வால் குழைகிறது, கொண்டை நறுக்கென்று நிற்கிறது. இரண்டையும் பிரித்து வைத்து, கொண்டையை ஐந்து நிமிடம் முன்னால் போட்டேன். மொத்தம் இருபது நிமிடம் ஆவியில். தண்ணீரில் கொதிக்கவிட்டாலும் வேகும், ஆனால் வைட்டமின் சி தண்ணீரோடு போய்விடும்.

கடிகாரத்தைவிட விரலை நம்பலாம். கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்து லேசாக அழுத்த வேண்டும். நசுங்கினால் பல் இல்லாத ஈறும் நசுக்கும். அழுத்தம் தேவைப்பட்டால் திரும்ப அடுப்பு. நான் ஒன்றைப் பார்த்துவிட்டு விடுவதில்லை, ஒவ்வொரு துண்டையும் அழுத்திப் பார்க்கிறேன். மனைவி சிரிக்கிறாள்.

பாதித் துண்டு உள்ளே போயிருக்கும். மீதி காதில்.

ஜூன் 5

இதை எழுதும்போதும் கை முழுதாக நிற்கவில்லை.

சர்க்கரைவள்ளிக் கிழங்கு. நீளத் துண்டு, நன்றாக வெந்தது. இரண்டு வாய் நிம்மதியாகச் சப்பினான். மூன்றாவதில் பெரிதாக ஒரு கவளத்தைக் கவ்விக்கொண்டு ஓங்கரிக்க ஆரம்பித்தான். முகம் சிவந்தது, கண்ணில் தண்ணீர், நாக்கு வெளியே. நான் பாய்ந்து போய் வாய்க்குள் விரலை விடப் போனேன். மனைவி வீட்டில் இருந்தாள், என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். “சத்தம் வருது பாரு. இரு.”

சத்தம் வந்தது. க்ஹ், க்ஹ் என்று. ஐந்து விநாடி இருக்கும். கிழங்கு வெளியே வந்து விழுந்தது. அவன் அதைப் பார்த்தான், எடுத்தான், திரும்ப வாயில் வைத்தான். நான்தான் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன்.

பிரசவத்துக்கு முன்பே முதலுதவி வகுப்புக்குப் போயிருந்தோம். அங்கே சொன்னது எல்லாம் தெரியும், அந்த நேரத்தில் ஒன்றும் நினைவில் இல்லை. அதனால் இங்கே எழுதி வைக்கிறேன். ஓங்கரிப்பது வேறு, தொண்டை அடைப்பது வேறு. குழந்தைகளுக்கு ஓங்கரிப்பைத் தூண்டும் இடம் நாக்கில் பெரியவர்களைவிட முன்னால் இருக்கிறது. உணவு தொண்டைக்கு வெகு தூரத்தில் இருக்கும்போதே உடம்பு அதை வெளியே தள்ளுகிறது. இருமல், சத்தம், சிவந்த முகம் இருந்தால் காற்று போய்வருகிறது என்று அர்த்தம். நிஜமாக அடைத்தால் சத்தமே வராது. இரும முடியாது, அழ முடியாது, உதடு நீலம் பாயும். அப்போது குழந்தையை முன்கையில் குப்புறச் சாய்த்து, தலை தாழ, தோள்பட்டைகளுக்கு நடுவே உள்ளங்கை அடியால் 5 தட்டு. வரவில்லையென்றால் மல்லாத்தி, மார்பின் நடுவே 5 அழுத்தம். மாற்றி மாற்றி, கூடவே அவசர உதவிக்கு அழைக்க வேண்டும். கண்ணுக்குத் தெரியாத ஒன்றை விரலை விட்டுத் துழாவக் கூடாது, இன்னும் உள்ளே தள்ளிவிடும். நான் செய்யப் போனது அதைத்தான்.

வகுப்பில் கற்றது மறந்துபோகிறது. இதைக் காகிதத்தில் எழுதி ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டிவிட்டேன்.

ஜூன் 6

திரும்பக் கிழங்கு. தரைதான் சாப்பிட்டது.

ஜூன் 9, ஞாயிறு

வாழைப்பழம் சுலபம் என்று யார் சொன்னது? சோப்புக் கட்டி மாதிரி. பிடிக்கிறான், நழுவுகிறது, பிடிக்கிறான், நழுவுகிறது. கோபம் வந்து தட்டையே தள்ளினான்.

இரண்டு வழி கண்டுபிடித்தேன். பழத்தின் நுனியில் விரலை வைத்து மெதுவாக அழுத்தினால் அது தானாக நீளவாக்கில் மூன்று பாளமாகப் பிரிகிறது. இத்தனை வருடம் வாழைப்பழம் சாப்பிட்டும் எனக்கு இது தெரியாது. அந்தப் பாளத்தை மிக்ஸியில் பொடித்த ஓட்ஸில் புரட்டினால் நழுவாது. வெண்ணெய்ப்பழத்துக்கும் இதே வைத்தியம்.

ஜூன் 10

காலை டயப்பரில் கறுப்பு நூல் மாதிரி சின்னச் சின்ன இழைகள். புழு என்று நினைத்துப் படம் எடுத்து மருத்துவரிடம் ஓடினேன். பார்த்துவிட்டு “நேத்து வாழைப்பழம் குடுத்தீங்களா?” என்றார். பழத்தின் நார் செரிக்காமல் அப்படித்தான் கறுத்து வருமாம். பீட்ரூட் கொடுத்தால் சிவப்பாக வரும், அதற்கும் ஓடி வராதீர்கள் என்றார். சரி.

ஜூன் 13

அம்மா வந்திருக்கிறார். பயலைப் பார்த்த சந்தோஷம் சாப்பாட்டு நேரம் வரைக்கும்தான். “உனக்கெல்லாம் நாலு மாசத்துலயே ஆரம்பிச்சாச்சு. நல்லா மசிச்சு ஊட்டினேன். இப்படிக் குச்சி குச்சியா யார் குடுப்பா?”

அவர் சொல்வதில் தவறில்லை. அப்போது மருத்துவர்களே நாலிலிருந்து ஆறு மாதத்துக்குள் என்றுதான் சொன்னார்கள். உலக சுகாதார நிறுவனம் அதை ஆறு மாதம் என்று மாற்றியது 2001இல். இதைச் சொன்னதும் அம்மா, “அப்போ நான் சரியாத்தான் செஞ்சிருக்கேன்” என்றார். ஆமாம்.

உப்பில்தான் சண்டை. நான் செய்த கோழி உருண்டையை ருசி பார்த்துவிட்டு, “இதை மனுஷன் தின்பானா?” என்று உப்பு டப்பாவைத் திறந்துவிட்டார். ஒரு வயதுக்குள் நாளைக்கு 1 கிராமுக்கும் குறைவான உப்புத்தான், அதற்குமேல் சிறுநீரகத்தால் சமாளிக்க முடியாது, பாலிலேயே தேவையான அளவு வந்துவிடுகிறது என்றேன். நமக்குச் சப்பென்று இருப்பது அவனுக்கு அப்படி இருக்காது, உப்பை அவன் இன்னும் பார்த்ததே இல்லை. அம்மா டப்பாவை மூடினார், ஆனால் என்னை நம்பிய முகம் இல்லை. தேனுக்கும் ஒரு வயது வரை தடை என்றபோது மட்டும் காரணம் கேட்டார். தேனில் ஒரு கிருமியின் வித்துகள் இருக்கலாம், குழந்தையின் குடலில் அது வளர்ந்து நரம்பைச் செயலிழக்க வைக்கும் நஞ்சை உண்டாக்கும், சூடாக்கினாலும் அந்த வித்து சாகாது என்றேன். அதை உடனே ஒத்துக்கொண்டார்.

அந்தக் கோழி உருண்டைக்கு வருகிறேன், உருண்டை என்றாலும் வடிவம் விரல்தான். பிறக்கும்போது சேமித்துக்கொண்டு வந்த இரும்புச் சத்து ஆறு மாதத்தில் குறைந்துவிடுகிறது. தாய்ப்பாலில் அது கொஞ்சம்தான். 7 மாதத்திலிருந்து ஒரு வயது வரை நாளைக்கு 11 மில்லிகிராம் தேவை என்று ஒரு கணக்கு இருக்கிறது. காய்கறிக் குச்சி மட்டும் போதாது என்று அப்போதுதான் புரிந்தது.

கொத்திய கோழிக்கறி 250 கிராம், தொடைக்கறி நல்லது, நெஞ்சுக்கறி வறண்டு போகும். வேகவைத்து மசித்த சர்க்கரைவள்ளிக் கிழங்கு நடுத்தர அளவில் ஒன்று. ஓட்ஸ் பொடி மூன்று மேசைக்கரண்டி. பிசைந்து விரல் வடிவில் உருட்டி, எண்ணெய் தடவிய தட்டில் வைத்து ஓவனில் 180 டிகிரியில் இருபது நிமிடம். நடுவில் உடைத்துப் பார்த்தால் இளஞ்சிவப்பு தெரியக் கூடாது. மேலே மொறுமொறுப்பாகிவிட்டால் அந்தத் தோலை உரித்துவிடுகிறேன், இல்லையென்றால் ஒட்டிக்கொண்டு ஓங்கரிக்கிறான். கறி சாப்பிடாத வீட்டில் கோழிக்குப் பதில் மசித்த கொண்டைக்கடலையோ பருப்போ போடலாம். அதோடு தக்காளி அல்லது வேகவைத்த சிவப்புக் குடைமிளகாய் கொடுத்தால் அந்த இரும்பை உடம்பு நன்றாக எடுத்துக்கொள்ளும்.

ஜூன் 17

முட்டை. முழுதாக வெந்த ஆம்லெட், நாடா நாடாவாகக் கிழித்தது.

ஒவ்வாமை வரக்கூடியதைக் காலையில்தான் கொடுக்கிறேன். வந்தால் பெரும்பாலும் சில நிமிடத்திலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் வரும். அப்போது நான் விழித்திருக்க வேண்டும், மருத்துவமனையும் திறந்திருக்க வேண்டும். புதிது ஒன்று கொடுத்தால் மூன்று நாள் வேறு புதிது கிடையாது. இன்று தடிப்பு, வாந்தி, வீக்கம் எதுவும் இல்லை. தலையில் மட்டும் முட்டை.

ஜூன் 20

அடுத்தது நிலக்கடலை. முன்பெல்லாம் தள்ளிப்போடச் சொன்னார்கள். 2015இல் வெளிவந்த லீப் ஆய்வு அதைப் புரட்டிப் போட்டுவிட்டது. கடுமையான தோல் அழற்சியோ முட்டை ஒவ்வாமையோ இருந்த 640 குழந்தைகளில், சின்ன வயதிலிருந்தே நிலக்கடலை சாப்பிட்டவர்களுக்கு ஐந்து வயதில் அந்த ஒவ்வாமை 80 சதவீதத்துக்கும் மேல் குறைவாக இருந்தது. கடுமையான தோல் அழற்சி உள்ள குழந்தைக்கு மருத்துவரைக் கேட்காமல் வீட்டில் தொடங்கக் கூடாது. பயலுக்கு அது இல்லை.

கடலையாகக் கொடுக்கவே கூடாது, அது தொண்டைக்கு அளவெடுத்த மாதிரி இருக்கும். கரண்டி நிறையக் கடலை வெண்ணெயும் ஆபத்து, அண்ணத்தில் பிசின் மாதிரி ஒட்டிக்கொள்ளும். அரைத் தேக்கரண்டியை வெந்நீரில் கரைத்து, வாட்டிய ரொட்டி நாடாவில் மெல்லியதாகத் தடவினேன். வாட்டாத ரொட்டி வாயில் களியாகிறது.

ஒன்றும் ஆகவில்லை. ரொட்டியைவிட நாற்காலிப் பட்டையை அதிகம் ருசித்தான்.

ஜூன் 22

தினமும் மூன்று துண்டுக்காக அடுப்பு பற்றவைப்பது அபத்தமாக இருக்கிறது. இன்று மொத்தமாகச் செய்தேன். கோழி விரல்களை ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி, ஃப்ரீசரில் இறுகிய பிறகு பைக்கு மாற்ற வேண்டும். முதல் தடவை நேராகப் பையில் போட்டுவிட்டு, சுத்தியலால் உடைத்தது நான்தான். பையில் தேதி எழுதுகிறேன். எடுக்கும்போது உள்ளே வரை சூடாக்கி ஆறவிட வேண்டும். அவன் கை பட்டதைத் திரும்ப எடுத்து வைப்பதில்லை.

ப்ரோக்கோலி: நாலாவது முறை. வேண்டாமாம். மரம் மாதிரி காம்பைப் பிடித்து ஆட்டுகிறான், வாய் பக்கம் போகவே இல்லை.

ஜூலை 3

சளி, காய்ச்சல். ஐந்து நாளாகத் திட உணவு தொடவில்லை. பால் மட்டும் குடிக்கிறான். இப்போதும் பால்தானே பிரதானம், விடு என்று மனைவி சொல்கிறாள். விட்டேன். ஃப்ரீசரில் பதினோரு கோழி விரல்கள், நானே தின்கிறேன். அம்மா சொன்னது சரி, உப்பு இல்லாமல் மனுஷன் தின்ன முடியாது.

ஆகஸ்ட் 24

இவ்வளவு நாள் எழுதவில்லை. ஒரு நாளுக்கு மூன்று வேளை என்று ஆனபிறகு எழுத நேரம் ஏது.

இன்று எழுத வைத்தது ஒரு பட்டாணி. என் தட்டிலிருந்து உருண்டு அவன் பக்கம் போயிற்று. அவன் அதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் சேர்த்து எடுத்தான். எடுத்து, பார்த்து, வாயில் போட்டான். நல்லவேளை, குழைய வெந்த பட்டாணி.

இனி எல்லாம் மாறுகிறது. நீளத் துண்டு அவனுக்கு அலுத்துவிட்டது, பெரிதாகக் கடித்துக் கன்னத்தில் அடக்குகிறான். மதியம் கேரட்டை வேகவைத்து, முதல் நாள் நறுக்கியதுபோலவே பொடிச் சதுரமாக நறுக்கினேன். ஒவ்வொன்றாக எடுத்துத் தின்றான். பட்டாணி, கொண்டைக்கடலை இரண்டையும் தட்டையாக நசுக்கித்தான் வைக்கிறேன். திராட்சையை நீளவாக்கில் நாலாக வெட்டுகிறேன். உருண்டையாக இருப்பது எதையும் முழுதாகத் தட்டில் வைக்கத் துணிவில்லை. ஆப்பிள் பச்சையாகக் கிடையாது, வேகவைத்துத்தான்.

ப்ரோக்கோலி பதினொன்றாவது முறை. ஒரு பூவை மட்டும் பிய்த்து வாயில் வைத்தான். துப்பவில்லை. விழுங்கினானா என்று பார்க்க நாற்காலியைத் துடைக்கும்போது தேடினேன், பட்டைக்கு அடியில் இருந்தது.

நாளைக்குக் கொண்டைக்கடலை. இரவே ஊறப் போட்டாயிற்று.