பெருவிலிருந்து ஒரு கன்டெய்னர் புளூபெர்ரி: ஒப்பந்தம் முதல் கணக்கு முடியும் வரை

இந்த வியாபாரத்தில் யாரும் தேதி சொல்வதில்லை. "38-ஆம் வாரம் ஏற்றுகிறோம், 41-ஆம் வாரம் இறங்கும்" என்று ஆண்டின் வார எண்ணில்தான் பேச்சு. வந்த புதிதில் சுவர் நாட்காட்டியை எண்ணிக்கொண்டிருந்தேன்; கொஞ்ச காலத்தில் வார எண்ணே வாயில் வந்துவிட்டது. அதற்குக் காரணம் உண்டு. ஐரோப்பியச் சந்தையில் புளூபெர்ரி ஆண்டு முழுக்கக் கிடைக்கிறது, ஆனால் நாடு மாறிக்கொண்டே இருக்கும். வசந்தத்தில் மொராக்கோவும் ஸ்பெயினின் உவெல்வாவும், ஜூலை ஆகஸ்டில் போலந்து, செப்டம்பர் முதல் நவம்பர் வரை பெருவும் தென்னாப்பிரிக்காவும், அதன்பின் சிலி. ஒரு நாடு ஓய்ந்து அடுத்தது முழுவீச்சில் வராத இரண்டு மூன்று வாரங்களில் விலை ஏறும். இரண்டு நாட்டுச் சரக்கும் ஒன்றாக வந்து குவியும் வாரத்தில் சரியும். ஒரே பழம், ஒரே தோட்டம், பத்து நாள் முன்னே பின்னே இறங்கினால் லாபக் கணக்கே வேறு.

முதலில் நெதர்லாந்தின் ராட்டர்டாமில் பெரிய இறக்குமதியாளர்களிடம் பாலெட் (பெட்டிகளை அடுக்கிக் கட்டும் தட்டு) கணக்கில் வாங்கிக்கொண்டிருந்தோம். நாமே நேரடியாக ஒரு கன்டெய்னர் இறக்கிப் பார்ப்போம் என்று முதலாளி முடிவெடுத்தார். கொள்முதல், காகிதங்கள், தரம் மூன்றும் என் பொறுப்பு.

பெருவைத் தேர்ந்தெடுத்ததில் யோசிக்க ஒன்றுமில்லை. 2010 வாக்கில் புளூபெர்ரி ஏற்றுமதி என்று சொல்லும்படி எதுவுமே அங்கே கிடையாது. பத்தே ஆண்டுகளில் சிலியை முந்தி உலகின் முதல் ஏற்றுமதி நாடாகிவிட்டது. வட கடற்கரைப் பாலைவனத்தில், சாண்டா ஆற்றைத் திருப்பிவிட்ட சாவிமோச்சிக் பாசனத் திட்டத்து நிலங்களில், சொட்டுநீரில் வளர்கிறது. குளிர்காலம் இல்லாமல் காய்க்காது என்று நம்பியிருந்த செடிக்கு, குளிர் அதிகம் கேட்காத பிலாக்ஸி ரகம் (அமெரிக்க வேளாண் துறை 1998-இல் வெளியிட்டது) வழி திறந்தது. கவாத்து செய்யும் நாளைத் தள்ளிவைத்தால் அறுவடையும் தள்ளிப்போகும் என்பதால், சந்தை காலியாக இருக்கும் வாரத்தைக் குறிவைத்தே அங்கே விளைவிக்கிறார்கள்.

2023 மட்டும் அந்தக் கணக்கைக் கலைத்தது. எல் நினோவால் கடற்கரை சூடாகி, பூ தாமதமாகி, விளைச்சல் பெரிதும் விழுந்தது. விலை யாரும் பார்த்திராத உயரத்துக்குப் போனது. அந்தப் பருவத்தின் வடு இன்னும் எல்லோருடைய ஒப்பந்தத்திலும் தெரிகிறது. "இத்தனை டன் கட்டாயம் தருவோம்" என்ற வாசகத்துக்கு எந்த ஏற்றுமதியாளரும் லேசில் கையெழுத்துப் போடுவதில்லை.

ஒப்பந்தம் பேசுவதுதான் இந்த வேலையில் பாதி. புதுப் பழத்தில் மூன்று வழி உண்டு. முதலாவது, நிலையான விலை: கிலோவுக்கு இவ்வளவு, முடிந்தது. சூப்பர்மார்க்கெட்டுக்கு முன்கூட்டியே விலை பேசி வைத்திருப்பவர்களுக்கு இது சரி. இரண்டாவது, கன்சைன்மென்ட்: பழம் வந்து விற்ற பிறகு, நம் செலவையும் கமிஷனையும் கழித்துக்கொண்டு மீதியை அனுப்புவது. இறக்குமதியாளருக்கு ஆபத்து குறைவு, விவசாயிக்கு அதிகம். கடல் தாண்டி இருப்பவர் நம் விற்பனைக் கணக்கை நம்புவதைத் தவிர வேறு வழியில்லை என்பதால், புதிய ஆளுக்கு இப்படித் தர யாரும் விரும்ப மாட்டார்கள். மூன்றாவது, குறைந்தபட்ச உத்தரவாத விலை: ஒரு தரைவிலை நிச்சயம், சந்தை அதற்கு மேல் போனால் மிகுதியில் பங்கு. நாங்கள் பேசி முடித்தது மூன்றாவது.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். உத்தரவாத விலை என்றாலும் அது நல்ல நிலையில் வந்து சேரும் பழத்துக்குத்தான். "நல்ல நிலை" என்பதை எண்ணில் எழுதாவிட்டால் பின்னால் ஆளுக்கொரு அர்த்தம் சொல்வார்கள். அதனால் பட்டியலே போட்டோம்: விட்டம் குறைந்தது 14 மில்லிமீட்டர், மென்மையான பழம் இத்தனை சதவீதம் வரை, பூஞ்சணத்துக்கு அதைவிடக் குறைந்த வரம்பு, இனிப்பு அளவு, தோலின் மேல் வெண்பூச்சு குலையாமல் இருக்க வேண்டும். அந்த வெண்பூச்சு இயற்கையான மெழுகு. அதிகம் கைபட்டால் அழியும். ஒரு பழம் எத்தனை முறை கையாளப்பட்டது என்பதை வாங்குபவர் அதைப் பார்த்தே கண்டுபிடிப்பார்.

பூச்சிக்கொல்லி எச்சம் தனிக்கதை. அளவு குறிப்பிடப்படாத மருந்துக்கு ஐரோப்பிய ஒன்றியத்தின் பொது வரம்பு கிலோவுக்கு 0.01 மில்லிகிராம். சட்டம் அவ்வளவுதான். சில சூப்பர்மார்க்கெட்டுகள் சட்ட வரம்பில் மூன்றில் ஒரு பங்குதான் இருக்கலாம், மொத்தம் இத்தனை வகை மருந்துக்கு மேல் தெரியக் கூடாது என்று தாங்களே விதி வைத்திருக்கின்றன. ஆகவே அறுவடைக்கு முன்பே மாதிரி எடுத்து ஆய்வகத்துக்கு அனுப்பச் சொன்னோம். கப்பல் கிளம்பிய பிறகு தெரிந்து பயனில்லை.

ராஸ்பெர்ரியும் சேர்த்து இறக்கலாமே என்று முதலாளி ஒரு கட்டத்தில் ஆசைப்பட்டார். அதன் நடுப்பகுதி வெற்று, தோல் மெல்லியது, நல்ல குளிரிலும் சில நாட்கள்தான் தாங்கும். உவெல்வாவிலிருந்தும் மொராக்கோவிலிருந்தும் லாரியில் வரலாம், தூரமென்றால் விமானம்தான். மூன்று வாரக் கடல் பயணத்தைப் பொறுப்பது இந்த இரண்டில் புளூபெர்ரிதான் என்று சொல்லிப் பேச்சை முடித்தேன்.

காகிதங்கள் பயமுறுத்தின அளவுக்குப் படுத்தவில்லை. பெருவின் வேளாண் நல அமைப்பான செனாசா தரும் தாவர நலச் சான்று, பில் ஆஃப் லேடிங் (கப்பல் நிறுவனம் தரும் சரக்கு ரசீது), விலைப்பட்டியல், சுங்கச் சலுகைக்கு சரக்கு எந்த நாட்டுடையது என்று காட்டும் இ.யூ.ஆர்.1 சான்று. பெருவுக்கும் ஐரோப்பிய ஒன்றியத்துக்கும் 2013 முதல் வணிக ஒப்பந்தம் நடைமுறையில் இருப்பதால் அந்தச் சான்று இருந்தால் வரிச்சலுகை கிடைக்கும். சரக்கு வருவதற்கு முன்பே ட்ரேசஸ் என்ற ஐரோப்பிய ஒன்றிய இணையத் தளத்தில் முன்னறிவிப்புப் பதிய வேண்டும். அதைச் சுங்க வேலைகளைக் கவனிக்கும் கிளியரிங் ஏஜென்ட் பார்த்துக்கொண்டார். ஒரே ஒரு அறிவுரை: எல்லாச் சான்றுக்கும் முதலில் வரைவு கேட்டு வாங்குங்கள். எங்களுக்கு வந்த தாவர நலச் சான்று வரைவில் கன்டெய்னர் எண்ணில் ஒரு இலக்கம் மாறியிருந்தது. கப்பல் கிளம்புவதற்கு முன் என்பதால் ஒரு மின்னஞ்சலில் சரியானது. பிந்தியிருந்தால் மாற்றுச் சான்று வரும்வரை கன்டெய்னர் துறைமுகத்தில் கிடக்கும், நாளுக்கு நாள் டெமரேஜ் (தாமதக் கட்டணம்) ஏறும், பழத்துக்கும் வயது கூடும்.

அடுத்தது குளிர். ரீஃபர் எனப்படும் குளிர்சாதன கன்டெய்னரைப் பற்றிப் பலருக்கும் இருக்கும் எண்ணம் அது பழத்தைக் குளிர வைக்கும் என்பது. ஏற்கெனவே குளிர்ந்த பழத்தை அதே குளிரில் வைத்திருக்கத்தான் அது செய்யப்பட்டது. பறித்த சில மணி நேரத்துக்குள் பேக்கிங் கூடத்தில் பெட்டிகளின் ஊடாகக் குளிர்காற்றை இழுத்து, பழத்தின் உட்சதையே பூஜ்யத்தை ஒட்டி வந்த பிறகுதான் கன்டெய்னரில் ஏற்ற வேண்டும். நாங்கள் வைக்கச் சொன்னது மைனஸ் 0.5 டிகிரி. உள்ளே ஆக்ஸிஜனைக் குறைத்து கார்பன் டை ஆக்ஸைடைக் கூட்டும் வகை கன்டெய்னர். அது பூஞ்சணத்தை மட்டுப்படுத்தும். சாம்பல் பூஞ்சணம் பூஜ்ய டிகிரியிலும் வளரும், மெதுவாக என்பதுதான் ஆறுதல்.

அமெரிக்காவுக்கு அனுப்புவோர் பாடு இன்னும் நுணுக்கம். மத்தியதரைக் கடல் பழ ஈயைக் குளிரால் கொல்லும் சிகிச்சைக்காக, பழத்தின் உட்சதையில் செருகிய உணரிகள் 1.11 டிகிரியோ அதற்குக் கீழோ தொடர்ந்து 14 நாள் காட்டியாக வேண்டும். நடுவில் வெப்பம் ஏறினால் சிகிச்சை செல்லாது. எங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. ஆனாலும் கன்டெய்னரின் சொந்தப் பதிவை மட்டும் நம்பாமல், பாலெட்டுகளுக்குள் தனி வெப்பப் பதிவுக் கருவிகள் வைக்கச் சொல்லியிருந்தோம். ஒரு கருவியின் விலை அற்பம். பின்னால் எங்களைக் காப்பாற்றியது அதுதான்.

பெருவின் கயாவோ துறைமுகத்திலிருந்து பனாமா கால்வாய் வழியாகச் சுமார் மூன்று வாரம். அந்த நாட்களில் செய்வதற்கு ஒன்றுமில்லை. கப்பல் இருக்கும் இடத்தை வரைபடத்தில் பார்த்துக்கொண்டிருக்கலாம், நான் பார்த்தேன்.

கன்டெய்னர் வந்து கதவைத் திறந்ததும் வாசனை பரவாயில்லை என்று தோன்றியது. மாதிரி எடுத்துக் கொட்டி எண்ணத் தொடங்கியபோதுதான் விஷயம் தெரிந்தது. முன்பக்கப் பாலெட்டுகள் (கதவுக்கு எதிர்முனை) அருமை: கெட்டியான பழம், வெண்பூச்சு அப்படியே. கதவுப் பக்கப் பாலெட்டுகளில் மென்மை ஒப்பந்த வரம்பைத் தாண்டியிருந்தது, அங்கங்கே சாம்பல் பூஞ்சணமும். பாலெட் அடையாள எண்ணும் வெப்பமானியும் தெரிகிற மாதிரி புகைப்படம் எடுத்து, அன்றைக்கே ஏற்றுமதியாளருக்கும், முன்னெச்சரிக்கையாகக் கப்பல் நிறுவனத்துக்கும் எழுத்தில் அறிவித்தோம். கடல் சரக்கு விதிகளில், வெளியே தெரியாத சேதத்துக்குப் பொதுவாக மூன்று நாளுக்குள் அறிவிப்புத் தர வேண்டும். பழ வியாபாரத்தில் மூன்று நாளே அதிகம். நாலாவது நாள் எழுதினால் "உங்கள் கிடங்கில் கெட்டது" என்பார்கள். சரக்குச் சேதத்தை மதிப்பிடும், சார்பற்ற ஒரு சர்வேயரையும் அழைத்தோம்.

இனி கேள்வி ஒன்றுதான்: குளிர் எங்கே போனது? ஏற்றுமதியாளர் பேக்கிங் கூடத்து அளவீடுகளை அனுப்பினார், ஏற்றும்போது பழம் சரியான குளிரில் இருந்திருக்கிறது. "கப்பலில்தான் ஏதோ நடந்திருக்கிறது, அவர்களிடம் கேளுங்கள்" என்றார். கப்பல் நிறுவனம் கன்டெய்னரின் பதிவை அனுப்பியது. உள்ளே விடும் காற்று கடல் பயணம் முழுக்க ஒழுங்காக மைனஸ் 0.5. பழத்தைச் சுற்றித் திரும்பி வரும் காற்று மட்டும் முதல் சில நாள் உயரத்தில் தொடங்கி மெல்ல மெல்ல இறங்குகிறது.

சர்வேயர் அந்தக் கோட்டின் மேல் விரலை வைத்தார். "இயந்திரம் பழுதென்றால் உள்ளே விடும் காற்றே ஏறியிருக்கும். அது ஏறவில்லை. கப்பல் ஏறும்போதே பழம் சூடாகத்தான் இருந்திருக்கிறது."

பேக்கிங் கூடத்தில் குளிர்ச்சி, கப்பலில் ஏறும்போது சூடு. இடையில் இருப்பது லாரிப் பயணம். வட கடற்கரையின் ட்ருஹியோ பக்கத்திலிருந்து கயாவோ ஐநூறு கிலோமீட்டருக்கு மேல். அந்தத் தூரம் முழுக்க கன்டெய்னருக்கு மின்சாரம் தருவது லாரியோடு வரும் ஜெனரேட்டர். கன்டெய்னர் பதிவில் லாரிப் பயண இரவில் சில மணி நேரம் வெற்றிடம்: மின்சாரம் நின்றிருக்கிறது. பாலெட்டுக்குள் இருந்த எங்கள் கருவியோ தன் பேட்டரியில் விடாமல் எழுதிக்கொண்டிருந்தது. அதே மணி நேரத்தில்தான் வெப்பம் ஏறியிருக்கிறது. சேதம் கதவுப் பக்கம் அதிகமானதற்கும் விடை கிடைத்தது. குளிர்காற்று எதிர்முனையிலிருந்து தரை வழியாக வரும், கதவுப் பக்கம் கடைசியில்தான் மீண்டும் குளிரும்.

எங்கள் ஒப்பந்தம் எஃப்.ஓ.பி. கப்பலில் ஏறும் வரை ஆபத்து விற்பவருடையது. (கன்டெய்னர் சரக்குக்கு எஃப்.சி.ஏ., அதாவது குறித்த இடத்தில் ஒப்படைத்ததுமே ஆபத்து வாங்குபவருக்கு மாறும் முறைதான் பொருத்தம் என்று சர்வதேச வணிக விதித்தொகுப்பான இன்கோடெர்ம்ஸ் சொல்கிறது. அப்படி எழுதி, பேக்கிங் கூட வாசலில் ஒப்படைப்பு என்று வைத்திருந்தால் இந்த நஷ்டம் எங்கள் தலையில். பழைய வழக்கம் சில நேரம் நல்லதே செய்கிறது.) இரண்டு பதிவையும் ஒரே நேர அச்சில் வைத்து ஒரு பக்கத்தில் வரைந்து அனுப்பியதும் ஏற்றுமதியாளரின் குரல் மாறியது. மறுக்கவில்லை. லாரிக்காரரிடம் தான் பேசிக்கொள்வதாகச் சொன்னார்.

அதற்காக மொத்தத்தையும் அவர் தலையில் கட்டிவிட முடியாது. வாங்குபவரும் நஷ்டத்தைக் குறைக்க முயல வேண்டும் என்பது சட்டமும் நியாயமும். முன்பக்கப் பாலெட்டுகளைப் பேசிய விலையிலேயே சூப்பர்மார்க்கெட்டுக்கு அனுப்பினோம். கதவுப் பக்கத்ததைப் பிரித்து, தரம் பிரித்து, மறுபடி டப்பாவில் அடைத்து, நல்லதை மொத்தச் சந்தையில் அன்றைய விலைக்குத் தள்ளினோம். மென்மையானது பழச்சாறு ஆலைக்கு, பூஞ்சணம் பிடித்தது குப்பைக்கு. ஒவ்வொன்றுக்கும் எடைச்சீட்டும் விலைச்சீட்டும் உண்டு. தரம் பிரித்த கூலிக்கும் பில். அத்தனையும் கோத்து விற்பனைக் கணக்கு தயாரிப்பதற்குச் சுங்க வேலையை விட அதிக நேரம் பிடித்தது. உத்தரவாத விலை நல்ல பாலெட்டுகளுக்கு மட்டும், மற்றவற்றுக்குக் கிடைத்த விலையில் செலவு போக மீதி, தரம் பிரித்த கூலி பாதிப் பாதி என்று முடிந்தது. சர்வேயர் கட்டணத்தை முழுக்க நாங்கள் ஏற்க வேண்டும் என்று ஏற்றுமதியாளர் கேட்டார், ஒத்துக்கொண்டோம். தொடர்ந்து வியாபாரம் செய்யப் போகிறவரிடம் கடைசிக் காசு வரை இழுக்கத் தோன்றவில்லை. முதலாளிக்கு இதில் கொஞ்சம் வருத்தம்தான்.

அடுத்த பருவத்துக்கு அதே ஆளிடமே பேசியிருக்கிறோம். ஒப்பந்தத்தில் இரண்டு வரி கூடியிருக்கிறது: லாரி ஜெனரேட்டர் ஓடிய நேரப் பதிவைத் துறைமுக வாசலில் இறங்கும்போதே அனுப்ப வேண்டும், பதிவில் வெற்றிடம் இருந்தால் கப்பலில் ஏற்றுமுன் எங்களைக் கேட்க வேண்டும். இரண்டாவது வரிக்கு அவர் இன்னும் சம்மதிக்கவில்லை. கப்பல் அட்டவணையைத் தவறவிட்டால் ஒரு வாரம் போய்விடும், அந்த ஒரு வாரத்தின் விலைச்சரிவை யார் தாங்குவது என்கிறார். கேள்வி நியாயமானதுதான், பேசிக்கொண்டிருக்கிறோம்.