அட்டையில் பாரோஸ்: எண்கோணம் படுத்திய பாடு

அலெக்சாந்திரியாத் துறைமுகத்தில் நின்ற கலங்கரை விளக்கத்தை 500-க்கு 1 என்ற அளவில் அட்டையில் செய்துகொண்டிருக்கிறேன். பாரோஸ் தீவில் இருந்ததால் விளக்கத்துக்கும் அதே பெயர். எகிப்து மன்னர் இரண்டாம் தாலமி காலத்தில், கி.மு. 280 வாக்கில் கட்டி முடித்தார்கள். போய் அளந்துவரக் கோபுரம் இல்லை. அதனால் கத்தி வைக்குமுன் ஒவ்வொரு அளவுக்கும் நானே ஒரு முடிவெடுக்க வேண்டும்.

வடிவத்தில் குழப்பமில்லை. அடியில் சதுரம், நடுவில் எண்கோணம், மேலே உருளை. உயரம்தான் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். 100 மீட்டரைத் தாண்டியது என்று வைத்து, அடுக்குகளுக்கு 60, 30, 15 மீட்டர் எடுத்துக்கொண்டேன். அட்டையில் 12, 6, 3 செ.மீ.

சதுர அடுக்கு முதல் தடவை சொதப்பியது. நேரான பெட்டியாக மடித்தேன், தீப்பெட்டியை நிமிர்த்தி வைத்த மாதிரி இருந்தது. சுவர்கள் மேலே போகப்போக உள்வாங்க வேண்டும். அடியில் 6, உச்சியில் 5 செ.மீ. என நான்கு சரிவகங்களாக வெட்டிய பிறகுதான் அது கோபுரமாயிற்று.

எண்கோணம் மூன்று முயற்சி வாங்கியது. 12 செ.மீ. பட்டையில் 1.5 செ.மீ.-க்கு ஒரு கோடு, எட்டுப் பக்கம், கணக்கு சரி. ஆனால் ஒட்டுவதற்கு விளிம்பு விட மறந்தேன். அடுத்த பட்டையில் மடிப்புகள் உருண்டுபோய், பார்த்தால் உருளைதான். அப்புறம் உள்ளே ஒரு தட்டு வைத்தேன். 3.6 செ.மீ. சதுரம் வரைந்து, காம்பஸ் முள்ளை ஒவ்வொரு மூலையிலும் ஊன்றி, நடுப்புள்ளி வரை விரித்து வில் போட்டால், வில்கள் பக்கங்களை வெட்டும் எட்டு இடங்களும் எண்கோணத்தின் முனைகள். அந்தத் தட்டைச் சுற்றி ஒட்டியதும் பட்டை சொன்னபடி கேட்டது.

உச்சியில் வந்துதான் நின்றுவிட்டேன். அலெக்சாந்திரியாவின் ரோமானியக் கால நாணயங்களில் உச்சியில் ஒரு சிலையும், மூலைகளில் சங்கு ஊதும் டிரைட்டன்களும் (மீன்வால் கொண்ட கிரேக்கக் கடல் தேவர்கள்) தெரிகின்றன. ஆனால் கோபுரத்தில் ஏறி அளவெடுத்து எழுதிவைத்த ஸ்பெயினின் மாலகா ஊர்க்காரர் யூசுப் அல் பலவி போனது 1166-ல். அப்போது உச்சியில் இருந்தது ஒரு சிறு மசூதி. ஆக, நான் கட்டுவது எந்த வருடத்து பாரோஸ்? (உச்சியில் இருந்த கண்ணாடி எதிரிக் கப்பல்களை எரித்தது என்ற கதையை நான் தொடவே இல்லை.)

இரண்டு உச்சி செய்தேன், ஒன்று சிலையோடு, ஒன்று குவிமாடத்தோடு. எதையும் ஒட்டவில்லை. வேண்டியதை எடுத்து வைத்துக்கொள்ளலாம்.

இப்போது வேலை அடித்தட்டில். 1303, 1323 நிலநடுக்கங்கள் கோபுரத்தைக் குலைத்தன. 1326-ல் மொராக்கோப் பயணி இப்னு பதூதா வந்தபோது ஒரு பக்கம் இடிந்திருந்தது. 1349-ல் திரும்பி வந்தால் வாசலுக்கே ஏற முடியவில்லை. 1477-ல் அந்த இடத்தில் சுல்தான் கைத்பே கோட்டை கட்டினார். 1994-ல் முத்துக்குளிப்பவர்கள் போல இறங்கிய தொல்லியலாளர்கள் கோட்டையைச் சுற்றிக் கடலடியில் பெரும் கருங்கல் பாளங்களைக் கண்டார்கள்.

வீணான அட்டைகளை எறியாமல் வைத்திருந்தது நல்லதாயிற்று. அந்தப் பாளங்களுக்கு அவற்றைத்தான் துண்டு போட்டுக்கொண்டிருக்கிறேன்.