இரண்டு பதிப்புகளுக்கு நடுவே ஒரு வெள்ளிக்கிழமை

1997 செப்டம்பர் 5, வெள்ளிக்கிழமை. சென்னையில் ஒரு தமிழ் நாளிதழில் உலகச் செய்திப் பக்கத்துக்கு உதவி ஆசிரியராக இருந்தேன். அன்று எனக்கு நைட் ஷிப்ட். மாலை ஐந்து மணிக்கு நாற்காலியில் உட்காரும்போதே பாதிப் பக்கம் முடிவாகிவிட்டிருந்தது. பாரிஸ் கார் விபத்தில் டயானா இறந்து ஐந்து நாள் ஆகியிருந்தது. மறுநாள் லண்டனில் இறுதிச் சடங்கு. அந்த வாரம் முழுக்க வேறு எதற்குமே பெரிதாக இடம் கிடைக்கவில்லை.

மீதிப் பாதிக்கு நான் எடுத்து வைத்திருந்தது தெற்கு லெபனான் செய்தி. முந்தின நாள்தான் ஜெருசலேமில் பென் யெஹுதா தெருவில் தற்கொலைக் குண்டுகள் வெடித்திருந்தன. அன்று இரவே இஸ்ரேலியக் கடற்படைக் கமாண்டோக்கள் கடல் வழியாக லெபனானில் கரையேறி, அன்சாரியா என்ற கிராமத்தை நோக்கி நடந்திருக்கிறார்கள். வழியில் லெபனானின் ஆயுத இயக்கமான ஹிஸ்புல்லாவின் குண்டுகள் காத்திருந்தன. 12 பேர் இறந்தார்கள். அதில் ஒருவர், மற்றவர்களை மீட்கப் போன படை மருத்துவர். கிராமம் இருக்கும் இடத்தைச் சொல்ல, பக்கத்து நகரங்களின் பெயரை எப்படி எழுதுவது என்று குழம்பிக்கொண்டிருந்தேன். எங்கள் தலைமை உதவி ஆசிரியர் கிறிஸ்தவர். எட்டிப் பார்த்துவிட்டு, “பைபிள்ல தீரு, சீதோன்னு இருக்கே. நம்ம ஜனங்களுக்கு அது பழகின பேருதான்” என்றார். அப்படியே எழுதினேன். மூன்று பத்தி அகலத்தில் தலைப்பு. அந்த வாரத்தில் நான் மனதாரச் செய்த ஒரே செய்தி அதுதான்.

வெளியூர்ப் பதிப்பின் பக்கங்கள் ஒன்பதேகாலுக்கெல்லாம் கீழே அச்சுக்கு இறங்கிவிட்டன. சென்னைக்கான நகரப் பதிப்பு மட்டும் பாக்கி. சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரித்தோம்.

பத்து மணியைத் தாண்டி டெலிபிரிண்டரில் மணி அடித்தது. மணி அடித்தால் ஃப்ளாஷ், அதாவது அவசரச் செய்தி. கல்கத்தாவில் அன்னை தெரசா காலமானார். இரவு ஒன்பதரை மணிவாக்கில், அவர்களுடைய தலைமை இல்லத்திலேயே உயிர் பிரிந்திருக்கிறது. ஒரு நிமிடம் யாரும் பேசவில்லை. அப்புறம் எல்லோரும் ஒரே சமயத்தில் பேசினோம்.

வாழ்க்கைக் குறிப்பு எங்களிடம் தயாராகவே இருந்தது. அவருக்கு உடம்பு முடியாமல் இருந்ததும், மார்ச் மாதம் சிஸ்டர் நிர்மலாவிடம் சபைத் தலைமைப் பொறுப்பு போனதும் தெரிந்த விஷயம்தானே. 1910-ல் ஸ்கோப்யேவில் பிறப்பு, 1929-ல் இந்தியா, 1950-ல் மிஷனரிஸ் ஆஃப் சாரிட்டி சபை தொடக்கம், 1979-ல் நோபல், 1980-ல் பாரத ரத்னா. எல்லாம் சரியாக இருந்தது, வயதைத் தவிர. குறிப்பு எழுதியபோது அவருக்கு 86. ஆகஸ்ட் 26-ல் பிறந்தநாள் வந்து போனதை யாரும் நினைக்கவில்லை. பக்கம் ஒட்டி முடித்த பிறகுதான் என் கண்ணில் பட்டது. பக்கத்தில் வெட்டி ஒட்டும் எழுத்துப் படத்தாளான ப்ரோமைட்டை மறுபடி எடுக்க நேரமில்லை. ஃபோர்மேன் வீணான ஒரு ப்ரோமைட்டிலிருந்து 7 என்ற ஒற்றை எண்ணைப் பிளேடால் அறுத்து, அதே பிளேடின் முனையில் ஏந்திவந்து, 6-ன் மேல் வைத்து ஆள்காட்டி விரலால் அழுத்தினார். கை நடுங்கவே இல்லை. அந்த 7 இன்னமும் என் கண்ணில் நிற்கிறது.

பத்தரைக்கு எலிசபெத் ராணி டயானாவைப் பற்றி நேரலையில் பேசினார். ராணியாகவும் ஒரு பாட்டியாகவும் பேசுகிறேன் என்றார். அதற்கும் இடம் வேண்டும். 2004 ஒலிம்பிக்ஸ் ரோமைத் தாண்டி, 66-க்கு 41 வாக்குகளில் ஏதென்ஸுக்குப் போனது. அதை விளையாட்டுப் பக்கத்துக்காரர்கள் எடுத்துக்கொண்டார்கள், நல்லவேளை.

“லெபனானை எடுத்துடு. நாளைக்குப் பார்த்துக்கலாம்” என்றார் தலைமை உதவி ஆசிரியர். எடுத்தேன். அதை எடுத்தது தப்பு என்று இப்போதும் நான் சொல்ல மாட்டேன். ஐம்பது வருஷத்துக்கு மேல் இந்த மண்ணில், யாரும் தொடத் தயங்கியவர்களைத் தொட்டுத் தூக்கியவர் அவர். எத்தனை பக்கம் கொடுத்தாலும் தகும். ஆனால் ‘நாளைக்கு’ என்று சொல்லி எடுத்து வைத்தோமே, அந்த நாளை வரவில்லை. சனிக்கிழமை டயானாவின் சவ ஊர்வலம் வந்துவிட்டது. நானும் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

காலையில் அறையில் தூங்கிக்கொண்டிருந்தவனை எழுப்பி, போன் என்றார்கள். கோவில்பட்டிப் பக்கம் எங்கள் ஊரிலிருந்து அம்மா. எஸ்.டி.டி. பூத்தில் நின்று பேசுகிறாள். “ஏய்யா, மதர் தெரசா போய்ட்டாங்கன்னு ரேடியோல சொல்லுதாங்க. ஒம் பேப்பர்ல ஒரு எழுத்துகூட இல்லியே?” வெளியூர்ப் பதிப்பு முன்னாடியே அச்சாகிவிடும் என்று விளக்கினேன். சரி சரி என்று கேட்டுக்கொண்டாள். வைக்கப் போகும்போது, “அந்த லெபனான்ல பன்னெண்டு பிள்ளைய போச்சாமே. பெத்தவ எப்படித் தாங்குவா?” என்றாள்.

ரிசீவரைப் பிடித்தபடி நின்றேன். சென்னையில் ஒருவர்கூட எங்கள் பேப்பரில் படித்திருக்க முடியாத செய்தி. அம்மா கைக்கு வந்த தாளில் தெரசா இல்லை, அன்சாரியா இருந்தது. என் மேஜையில் கிடந்த தாளில் தெரசா இருந்தார், அன்சாரியா இல்லை. தேதி இரண்டிலும் ஒன்றுதான்.

அதற்குப் பிறகு, பக்கத்திலிருந்து எடுக்கும் செய்தியின் தாளை நான் குப்பைக்கூடையில் போட்டதில்லை. ஒரு கிளிப்பில் மாட்டி மேஜை ஓரத்தில் தொங்கவிடுவேன். மறுநாள் நாலு வரியாவது போடாமல் அதைக் கழற்றுவதில்லை. சக ஊழியர்கள் சிலருக்கு அது தொந்தரவாக இருந்தது, இருக்கட்டும்.

2000 மே மாதம் இஸ்ரேல் தெற்கு லெபனானைவிட்டு வெளியேறியது. பின்னணி எழுதும் வேலை என்னிடம் வந்தது. படைகளைத் திரும்பக் கூப்பிடு என்று அந்த நாட்டில் விடாமல் கேட்டவர்கள், ‘நான்கு தாய்மார்’ என்ற பெயரில் 1997-ல் இயக்கம் தொடங்கிய, படைவீரர்களைப் பெற்ற பெண்கள். எழுதிக்கொண்டிருக்கும்போதே பூத்திலிருந்து அம்மா பேசிய குரல் காதில் கேட்டது.

அப்புறம் 2010 ஆகஸ்ட். ஹிஸ்புல்லாவின் தலைவர் ஹசன் நஸ்ரல்லா ஒரு பத்திரிகையாளர் கூட்டத்தில், இஸ்ரேலின் ஆளில்லா விமானம் அனுப்பிய படங்களை இடைமறித்துப் பிடித்துத்தான் அன்சாரியாவில் காத்திருந்தோம் என்றார். செய்தி என் திரையில் வந்தது. எங்கள் பழைய செய்தியைப் பார்க்கலாம் என்று நூலகத்துக்குப் போய், பைண்டு செய்த 1997 செப்டம்பர் தொகுப்பைப் பிரித்தேன். இல்லை. நகரப் பதிப்பை மட்டும்தான் சேர்த்து வைப்பார்கள். ஊருக்குப் போன் செய்து கேட்டேன். “அதெல்லாம் எப்பவோ எடைக்குப் போட்டாச்சுய்யா” என்றாள் அம்மா.

மேஜைக்குத் திரும்பி, நஸ்ரல்லா செய்தியின் கடைசிப் பத்தியாகச் சேர்த்தேன்: 1997 செப்டம்பர் 5 அதிகாலை, தீரு, சீதோன் நகரங்களுக்கு நடுவே உள்ள அன்சாரியா கிராமத்தின் அருகே 12 பேர் இறந்தனர். அவர்களில் ஒருவர் மருத்துவர்.